மெக்சிகோ கையேந்தி பவன்: கேள்வியும் பதிலும்

ஹூஸ்டனில் மகள் வீட்டுக்குப் போன இடத்தில், விமானத்தில் இரண்டு மணி நேரச் சொச்சம்தானே என்று நானும் வீட்டுக்காரரும் மெக்சிகோ சிட்டிக்குக் கிளம்பியதையும், அங்கே சான் ஹுவான் சந்தைப் பக்கம் ஒரு வழிகாட்டிப் பெண்ணோடு மூன்றரை மணி நேரம் தெருத்தெருவாக நடந்து தின்றதையும் போன இதழில் எழுதியிருந்தேன். இத்தனை கடிதம் வரும் என்று நினைக்கவில்லை. மதுரையில் 22 வருஷம் மெஸ் நடத்தினவள் நான். கல்லாவில் உட்கார்ந்து பதில் சொல்லிப் பழக்கம், அதே மாதிரி இங்கேயும் சொல்லிவிடுகிறேன். மக்காச்சோள ரொட்டியில் கறியோ காயோ வைத்து மடித்துத் தின்பதை அந்த ஊரில் 'தாக்கோ' என்கிறார்கள். நம் வாய்க்கு டாக்கோ என்று வந்துவிட்டது, அப்படியே இருக்கட்டும்.

கேள்வி: ரோட்டோரத்தில் நின்று தின்ன ஆளுக்கு எழுபது டாலர் கொடுத்ததாக எழுதியிருக்கிறீர்கள். அந்தக் காசுக்கு ஐம்பது டாக்கோ தின்னலாமே அக்கா?
வாசகி, கோவில்பட்டி

தின்னலாம். உங்கள் கணக்கு சரி. என் வீட்டுக்காரர் ஹோட்டல் அறையிலேயே காகிதத்தில் எழுதி இதே கணக்கைக் காட்டினார்.

ஆனால் அதற்கு முந்தின நாள் சாயங்காலம் நடந்ததைச் சொல்கிறேன். வழிகாட்டி இல்லாமல் நாங்கள் இரண்டு பேரும் ஒரு கடை முன்னால் போய் நின்றோம். சுற்றி இருபது பேர். எல்லாரும் கத்துகிறார்கள், எல்லார் கையிலும் தட்டு வந்து விழுகிறது. முதலில் காசா, டோக்கனா, வரிசை எங்கே ஆரம்பிக்கிறது, ஒன்றும் புரியவில்லை. ஊரில் ஆயிரம் பேருக்கு இலை போட்டவள், ஒரு டாக்கோ கேட்க வாய் வராமல் பத்து நிமிஷம் நின்றுவிட்டு அறைக்குத் திரும்பி, மகள் கட்டிக் கொடுத்த முறுக்கைத் தின்று படுத்தேன். எழுபது டாலர் இந்தக் கூச்சத்துக்குக் கொடுத்த விலை.

மறுநாள் அந்தப் பெண் வந்தாள். அந்தத் தெருக்களிலேயே வளர்ந்தவள், இருபத்தைந்து வயசுக்குள்தான் இருக்கும். நாங்கள் ஒன்பது பேர். முதல் கடையிலேயே முறையைச் சொல்லிக் கொடுத்தாள். காசு கடைசியில்தான். இடித்துக்கொண்டு முன்னால் போய், என்ன வேண்டும், எத்தனை என்று சொல்ல வேண்டும். "கோன் தோதோ?" என்று கேட்பார்கள். எல்லாம் போடவா என்று அர்த்தம், அதாவது வெங்காயமும் கொத்தமல்லியும். தின்று முடித்ததும் கடைக்காரர், எத்தனை ஆச்சு என்று கேட்பார். நாம் சொல்கிற எண்ணிக்கைதான் கணக்கு. சொன்னதும் எனக்கு நம் டீக்கடை வடைத்தட்டு ஞாபகம் வந்தது. மெஸ்ஸில் ஆறு இட்லி தின்றுவிட்டு நாலு என்று சொன்ன காலேஜ் பையன்களை எல்லாம் பார்த்தவள் இல்லையா, சும்மா இருக்க முடியவில்லை. "இவரை யாரும் ஏமாற்ற மாட்டார்களா, கேளம்மா" என்றேன். அவர் கத்தியைக் கீழே வைக்காமலேயே இரண்டு விரலால் தன் கண்ணைத் தொட்டுக் காட்டினார். அப்புறம் என்னைக் காட்டி மூன்று, வீட்டுக்காரரைக் காட்டி ஒன்றும் இல்லை, எங்கள் குழுவில் இருந்த நெட்டை ஆளைக் காட்டி ஆறு என்றார். அந்த ஆள் ஐந்து என்று சொல்லிவிட்டு நின்றுகொண்டிருந்தார்.

இன்னொன்று. கடைக்குக் கடை என்னை "குவேரிதா" என்று கூப்பிட்டார்கள். என்ன என்று கேட்டால், வெள்ளைக்காரப் பிள்ளை என்கிற மாதிரி ஒரு செல்லப் பேச்சாம். என் நிறம் போட்டோவில் பார்த்திருப்பீர்கள். வியாபாரத்துக்காக வாடிக்கையாளர் யாராக இருந்தாலும் அப்படித்தான் கூப்பிடுவார்களாம். நாங்கள் மெஸ்ஸில் கந்தல் சட்டை போட்டவரையும் "வாங்க முதலாளி" என்போம். அதேதான்.

ஏற்பாடு செய்கிறவர்களில் நல்லது கெட்டது உண்டு. பத்துப் பேருக்கு மேல் கூட்டிப் போகிறவர்களிடம் போகாதீர்கள். கடை முன்னால் கூட்டமாக நின்று வழியை அடைப்போம், வாடிக்கையாளர் முகம் சுளிப்பார். போகிற கடையில் உள்ளூர்க்காரர் நின்று தின்கிறாரா என்று பாருங்கள். நம்மைப் போன்றவர்கள் மட்டும் இருந்தால் அது நமக்காகப் போட்ட கடை. சாப்பாட்டுக் காசு கட்டணத்தில் சேர்த்தியா என்றும் முன்கூட்டியே கேட்டுக்கொள்ளுங்கள்.

முக்கியமானது இதுதான்: ஊருக்குப் போன முதல் நாளே இந்த நடையை வைத்துக்கொள்ளுங்கள். கடைசி நாள் வைத்தால் கற்றுக்கொண்டதைப் பயன்படுத்த நாள் இருக்காது. நான் மறுநாளும் அதற்கு மறுநாளும் தனியாகவே அதே கடைகளுக்குப் போனேன். மூன்றாம் நாள் அந்தக் கத்திக்காரர் என்னைப் பார்த்ததும் மூன்று விரலைக் காட்டினார். நான் நாலைக் காட்டினேன்.

கேள்வி: வெளிநாட்டில் தெருக்கடையில் சாப்பிட்டு வயிறு கெட்டுவிட்டால் என்ன செய்வது? எனக்கு ஏற்கெனவே அல்சர் உண்டு.
வாசகர், 58 வயது, திருச்சி

வயிறு கெட்டது ஐயா, மறைக்கவில்லை. தெருவில் இல்லை, நாங்கள் தங்கியிருந்த ஹோட்டலின் காலைச் சாப்பாட்டில். கண்ணாடி மூடி போட்டு, அழகாக வெட்டி அடுக்கி வைத்திருந்த பப்பாளி. எப்போது வெட்டியதோ. ஒன்றரை நாள் படுத்தேன்.

தெருக்கடையை நான் பார்க்கிற விதத்தைச் சொல்கிறேன். முதலில் கூட்டம். அந்த ஊரில் மத்தியானச் சாப்பாடே இரண்டு மணிக்கு மேல்தான். அந்த நேரத்தில் கடையில் சரக்கு நிற்காது, போட்டது போட்டபடி ஓடும். நாலரை மணிக்கு ஆளில்லாத கடையில் மிஞ்சி நிற்கிற கறியை நான் தொட மாட்டேன், மதுரையாக இருந்தாலும். இரண்டாவது கை. காசு வாங்குகிற கையும் மாவு தொடுகிற கையும் வேறாக இருக்க வேண்டும். மூன்றாவது தட்டு. இதை அங்கே பார்த்து அசந்துபோனேன். பிளாஸ்டிக் தட்டை ஒரு பாலிதீன் பைக்குள் நுழைத்து அதன் மேல் டாக்கோவை வைத்துத் தருகிறார்கள். தின்று முடித்ததும் பையை உருவிக் குப்பையில் போட்டுவிட்டு அடுத்தவருக்கு வேறு பை. தண்ணீர் இல்லாத தெருவோரத்தில் தட்டு கழுவுகிற பேச்சே இல்லை. குப்பை சேருகிறதே என்று மனசுக்குள் உறுத்தியது நிஜம். வாழை இலை அங்கேயும் கிடைக்கிறது, அதைத் தட்டாக்கவில்லை, 'தமால்' என்கிற கொழுக்கட்டையைச் சுற்றப் பயன்படுத்துகிறார்கள்.

குழாய்த் தண்ணீரை உள்ளூர்க்காரரே குடிப்பதில்லை. நம் வீட்டு வாட்டர் கேன் மாதிரி இருபது லிட்டர் கேன்தான் அங்கேயும். திறந்து வைத்திருக்கிற சல்சாவை, அதாவது அவர்கள் சட்னியை, கூட்டமான நேரத்தில் மட்டும் தொடுங்கள். உங்கள் அல்சருக்கு அதையும் விட்டுவிடுவது நல்லது. டாக்டரைக் கேட்டுக்கொள்ளுங்கள், நான் சமையல்காரி மட்டும்தான்.

ஒன்று மறந்தேன். மெக்சிகோ சிட்டி கடல்மட்டத்திலிருந்து சுமார் 2,240 மீட்டர் உயரம். நம்ம ஊட்டி உயரம். சமவெளி மாதிரித் தெரியும், ஆனால் இரண்டு படி ஏறினால் மூச்சு வாங்கும். செரிமானமும் மெதுவாகத்தான் இருந்தது எனக்கு. முதல் நாள் அரை வயிறே போதும்.

கேள்வி: நாங்கள் சுத்த சைவம். மகன் கூப்பிடுகிறான். பட்டினி கிடந்துதான் வர வேண்டுமா?
ஓய்வுபெற்ற ஆசிரியை, சிதம்பரம்

வேண்டாம் டீச்சர். என் வீட்டுக்காரர் வள்ளலார் வழியில் போய் 16 வருஷம் ஆகிறது, முட்டை கூடக் கிடையாது. அவர் அங்கே தின்றதைப் பார்த்து எனக்கே பொறாமை.

சந்தைக்கு வெளியே நடைபாதையில் ஒரு அம்மா. முன்னால் கரி அடுப்பு, அதன் மேல் 'கொமால்' என்கிற தட்டைக் கல், நம் தோசைக்கல்லின் அக்கா தங்கை. பக்கத்தில் ஈரத்துணி மூடிய மாவு. துணியை எடுத்தால் மழை வரப்போகிற மேக நிறம். நீல மக்காச்சோளமாம், சாயம் எதுவும் இல்லை. எலுமிச்சை அளவுக்கு மேல் ஒரு உருண்டை எடுத்தாள். கட்டை விரலால் குழி பண்ணி, அவித்து மசித்த பயறை உள்ளே வைத்து, நாம் போளிக்கு மூடுகிற மாதிரியே மூடினாள். ஆனால் வட்டமாகத் தட்டவில்லை. இரண்டு உள்ளங்கைக்கும் நடுவே மாற்றி மாற்றித் தட்டி, இரண்டு பக்கமும் கூராக, கண் வடிவத்தில் கொண்டுவந்து கல்லில் போட்டாள். சொட்டு எண்ணெய் இல்லை. இதன் பெயர் த்லாகோயோ.

வெந்ததும் மேலே பச்சையாக ஏதோ நறுக்கிப் போட்டு, வெங்காயம், கொத்தமல்லி, உதிர்த்த வெள்ளைச் சீஸ் தூவினாள். அந்தப் பச்சை என்ன தெரியுமா? சப்பாத்திக்கள்ளி! அங்கே 'நோபால்' என்பார்கள். உள்ளே சந்தையில் பெண்கள் வரிசையாக உட்கார்ந்து, மடலைக் கையில் பிடித்துக் கத்தியால் முள்ளைச் சீவித் தள்ளுவதை முன்னமே பார்த்திருந்தோம். நம் கண்மாய்க் கரையில் ஆடு கூடத் தொடாத செடி, அவர்கள் கொடியில் கழுகு உட்கார்ந்திருக்கிற செடி. வீட்டுக்காரர் தட்டைப் பார்த்தார், என்னைப் பார்த்தார், "சப்பாத்தி மேலே சப்பாத்திக்கள்ளியா" என்றார். கடித்ததும் பேச்சு நின்றது. கொஞ்சம் வெண்டைக்காய் வழவழப்பு, கொஞ்சம் புளிப்பு. இரண்டு தின்றார்.

இந்தச் செடியே அமெரிக்கக் கண்டத்திலிருந்து நம்மிடம் வந்ததுதான். 18ஆம் நூற்றாண்டின் கடைசியில் கம்பெனி டாக்டர் ஜேம்ஸ் ஆண்டர்சன் சென்னை சைதாப்பேட்டையில் இதற்குத் தோட்டமே போட்டிருக்கிறார். தின்பதற்காக இல்லை, இதில் ஒட்டி வளர்கிற பூச்சியிலிருந்து சிவப்புச் சாயம் எடுக்க. தின்னத் தெரிந்தவர்களிடம் அப்போதே கேட்டிருக்கலாம்.

பூசணிப்பூ வைத்து மடித்துச் சுட்ட கெசடீயாவும் கிடைக்கும். மார்கழியில் சாணிப் பிள்ளையார் தலையில் வைக்கிற அதே பூ. ஒரு வேடிக்கை, கெசடீயா என்ற பெயரிலேயே 'கேசோ', அதாவது சீஸ் இருக்கிறது. ஆனாலும் மெக்சிகோ சிட்டியில் சீஸ் வேண்டும் என்று தனியாகச் சொன்னால்தான் வைப்பார்கள். நாட்டின் மற்ற ஊர்க்காரர்கள் இதற்காக இவர்களைக் கிண்டல் பண்ணித் தீர்க்கிறார்களாம்.

இனி எச்சரிக்கை. பன்றிக் கொழுப்பு, 'மன்தேகா', கண்ணுக்குத் தெரியாமல் நிறைய இடத்தில் இருக்கும். பயறு மசியலைத் தாளிக்க அதுதான், தமால் மாவில் அதுதான். அரிசிச் சோற்றைக் கோழி வேகவைத்த தண்ணீரில் வடிப்பார்கள். 'சின் கார்னே', கறி வேண்டாம் என்று மட்டும் சொன்னால் கோழி வந்துவிடலாம், சிலருக்குக் கோழி கறிக்கணக்கில் வராது. "சின் மன்தேகா" என்பதையும் மனப்பாடம் பண்ணிக்கொள்ளுங்கள். எங்கள் வழிகாட்டி அந்த அம்மாவிடம் குனிந்து கேட்டாள். கறுப்புப் பயறில் கொழுப்பு உண்டு, மொச்சை மாதிரி இருக்கிற 'ஹாபா'வில் உப்பு மட்டும்தான் என்று பதில் வந்தது. அதனால்தான் ஹாபா. முன்பதிவு செய்யும்போதே சைவம் என்று எழுதிவிட்டால், நல்ல வழிகாட்டி பாதையையே மாற்றிக்கொள்வாள்.

கேள்வி: எங்க ஊர் முண்டு மிளகாயைவிட அவங்க மிளகாய் காரமா? சும்மா சொல்லாதீங்க.
வாசகர், ராமநாதபுரம்

கோபப்படாதீங்க தம்பி, உங்க ஊர் முண்டுக்குத் தாத்தாவே அந்த ஊர்க்காரர்தான். மிளகாய் அங்கே விளைந்தது, போர்ச்சுகீசியர் கப்பலில் நமக்கு வந்தது. அதுவரை நமக்கு மிளகுதான். மிளகு மாதிரி உறைக்கிற காய், மிளகாய்.

சந்தையில் உங்க முண்டு மாதிரியே குண்டாக ஒரு வற்றலைப் பார்த்தேன். பெயர் 'கஸ்கபெல்', கிலுகிலுப்பை மணி என்று அர்த்தம். எடுத்துக் காதோரம் ஆட்டிப் பார்த்தால் விதை உள்ளே கலகலக்கிறது. நாமும் முண்டை அப்படித்தான் ஆட்டிப் பார்த்து வாங்குவோம். நான் ஆட்டியதைப் பார்த்ததும் கடைக்காரம்மாவுக்குச் சிரிப்பு, 'விவரம் தெரிந்தவள்' என்கிற மாதிரி.

காரம் என்று பார்த்தால், பெரும்பாலான வற்றல் அங்கே வாசனைக்கும் நிறத்துக்கும்தான். ஹலபேன்யோ மிளகாயைப் புகை போட்டுக் காய வைத்தால் சிப்போத்லே, பொப்லானோவைக் காய வைத்தால் ஆஞ்சோ. பச்சைக்கு ஒரு பெயர், வற்றலுக்கு ஒரு பெயர். ஆரஞ்சு நிறத்தில் குட்டியாக, ஹபனேரோ என்று ஒன்று இருக்கிறது. அதை வெங்காயத்தோடு ஊறுகாய் மாதிரி கிண்ணத்தில் வைத்திருப்பார்கள். அதனிடம் மட்டும் வீரம் காட்டாதீர்கள். சல்சாவில் சிவப்புதான் காரம் என்று நினைத்துப் பச்சையை அள்ளிப் போட்டு அழுதவர்கள் எங்கள் குழுவில் இரண்டு பேர். காரமா என்று கடைக்காரரைக் கேட்காதீர்கள், "நோ பீகா", உறைக்காது என்பார். அவர் நாக்குக்கு அது உண்மை.

கேள்வி: தமால் என்பதும் தமிழ் என்பதும் ஒரே சொல்லா? அங்கே தமிழர்கள் முன்பே போயிருக்கிறார்களா?
ஒன்பதாம் வகுப்பு மாணவர், அரியலூர்

இல்லை கண்ணு. தமால் என்பது மெக்சிகோவின் பூர்வகுடி மொழியான 'நாவாட்டில்' மொழிச் சொல். மக்காச்சோள மாவை அதன் தோகையிலேயே சுற்றி அவிக்கிற கொழுக்கட்டை. ஓசை ஒன்றாக இருந்தால் உறவு ஆகிவிடாது.

ஆனால் நிஜமான உறவு வேண்டுமென்றால் தருகிறேன். நீ தின்கிற சப்போட்டா, அந்தப் பெயர் நாவாட்டிலின் 'த்சபோத்ல்'. ஸ்பானியர் வாயில் சபோத்தே ஆகி நம் வாயில் சப்போட்டா ஆனது. அந்த மரத்துப் பாலுக்குப் பெயர் சிக்லே, சூயிங்கம் செய்தது அதில்தான். சிக்லெட் என்ற பெயர் எங்கிருந்து வந்தது என்று உன் அப்பாவைக் கேள். பதிலுக்கு நம் பக்கத்திலிருந்து போனது மாங்காய். தமிழ், மலையாள 'மாங்காய்' போர்ச்சுகீசியர் வாயில் மாங்கா, ஸ்பானியத்தில் மாங்கோ. மணிலாவுக்கும் மெக்சிகோவின் அகபுல்கோவுக்கும் 1565 முதல் 1815 வரை கப்பல் ஓடியது. அங்கே இன்றைக்கும் ஒரு மாம்பழத்துக்கு மணிலா என்றுதான் பெயர். அதைத் தெருவில் கீறி, மிளகாய்ப்பொடி, உப்பு, எலுமிச்சை போட்டுத் தருகிறார்கள். உன் பள்ளிக்கூட வாசலில் மாங்காய் பத்தை விற்கிற பாட்டியிடம் இதைச் சொல்.

கேள்வி: நாங்கள் முஸ்லிம்கள். ஹலால் கிடைக்குமா?
வாசகி, காயல்பட்டினம்

தெருக்கடையில் எதிர்பார்க்காதீர்கள் அம்மா. பன்றிக் கறியும் கொழுப்பும் நிறைய. விசித்திரம் என்னவென்றால், அந்த ஊரின் மிகப் பிரபலமான 'அல் பாஸ்தோர்' டாக்கோவே லெபனானிலிருந்து குடியேறியவர்கள் கொண்டுபோன ஷவர்மாவின் பிள்ளை. செங்குத்துக் கம்பியில் சுற்றுகிற அதே கறி. ஆட்டுக்குப் பதில் பன்றி, மசாலாவுக்கு அச்சியோத்தே என்கிற சிவப்பு விதையும் மிளகாயும். அந்தக் கறிக்கோபுரத்துக்குப் பெயர் 'த்ரோம்போ', பம்பரம். உச்சியில் அன்னாசி வைத்திருப்பார்கள். கத்தியால் அதை ஒரு சீவு சீவினால் துண்டு பறந்து வந்து கையிலிருக்கிற டாக்கோவில் விழும். பார்க்கலாம், நீங்கள் தின்ன முடியாது. அவித்த சோளம், பழங்கள், உள்ளே கொழுப்பு இல்லை என்று கேட்டுக்கொண்டு எண்ணெய் இல்லாமல் கல்லில் சுட்டவை, இவற்றை நம்பிப் போகலாம். மீன் டாக்கோ உண்டு, பொரிக்கிற எண்ணெயைக் கேட்டுக்கொள்ளுங்கள்.

கேள்வி: உணவகங்களுக்குத் தரம் போடுகிற மிச்லின் கையேட்டின் நட்சத்திரம் வாங்கிய டாக்கோ கடை ஒன்று உண்டாமே, போனீர்களா?
வாசகர், கோயம்புத்தூர்

போனேன். சான் ரஃபேல் பகுதியில் எல் கலிஃபா தே லெயோன், 1968லிருந்து இருக்கிறது, 2024இல் நட்சத்திரம் வந்தது. நம் பெட்டிக்கடையை இரண்டாகப் போட்ட அளவு. உட்கார இடமில்லை. அதன் பேர் பெற்ற டாக்கோ மாட்டின் மெல்லிய சதையில். நான் மாடு தின்பதில்லை, பன்றிக் கறி டாக்கோவை வாங்கினேன். உப்பும் எலுமிச்சையும் மட்டும், நன்றாக இருந்தது. வரிசையில் நின்ற நேரத்துக்கு அந்த விரல் காட்டுகிற கத்திக்காரரிடம் மூன்று தடவை போய் வந்திருப்பேன்.

கேள்வி: எனக்கு முழங்கால் வலி. மூன்றரை மணி நேரம் நடக்க முடியுமா?
வாசகி, 70 வயது, நாகர்கோவில்

நடை மொத்தம் இரண்டு கிலோமீட்டர் இருக்கும். பாதி நேரம் நிற்பதுதான், அதுதான் முழங்காலுக்குக் கஷ்டம். நடைபாதை மேடும் பள்ளமுமாக இருக்கும், அந்த நகரமே ஏரி மேல் கட்டியது, இன்னும் அமிழ்ந்துகொண்டிருக்கிறது. மடக்கு ஸ்டூல் கொண்டுபோங்கள். ஜூனிலிருந்து செப்டம்பர் வரை பிற்பகலில் மழை வரும், காலை நடையாகப் பாருங்கள்.

கேள்வி: நம்ம ஊரில் 1987லிருந்து கள்ளுக்குத் தடை. அங்கே கள் உண்டா?
வாசகர், விழுப்புரம்

உங்கள் ஆர்வம் புரிகிறது. உண்டு, புல்கே. ஆனால் பனை இல்லை, ரயில்பாதையோரம் நம் ஊரில் நிற்கிற கற்றாழை மாதிரி, ஆள் உயர மகேய். ஏற வேண்டாம். நடுக்குருத்தை வெட்டிக் குழி பண்ணினால் அதில் இனிப்பு நீர் ஊறும். அதற்கு அகுவாமியெல், தேன்தண்ணீர் என்று பேர். நம் பதநீர்தான். நீளமான சுரைக்குடுக்கையை வைத்து வாயால் உறிஞ்சி எடுப்பார்கள். புளித்தால் புல்கே. வெள்ளையாக, கொஞ்சம் நூல் விடுகிற மாதிரி இருக்கும். அன்றன்றைக்குக் குடித்தால்தான் உண்டு, புட்டியில் அடைத்து ஊர் ஊராக அனுப்ப முடியாது. பீர் அதை ஓரங்கட்டியதற்கு அதுவும் ஒரு காரணம். நான் ஒரு வாய் குடித்தேன். வீட்டுக்காரர் வேறு பக்கம் பார்த்துக்கொண்டார்.

கேள்வி: தேனியில் சின்னதாக டிபன் கடை வைத்திருக்கிறேன். டாக்கோவுக்கான ரொட்டி, டோர்ட்டியா போடலாம் என்று மக்காச்சோள மாவு வாங்கிப் பிசைந்தேன். தட்டினால் உடைகிறது, மடித்தால் நொறுங்குகிறது. எங்கே தப்பு?
வாசகர், தேனி

இந்தக் கேள்விக்காகத்தான் காத்திருந்தேன். தப்பு மாவில் இல்லை, சுண்ணாம்பில்.

நீங்கள் சொல்கிற டோர்ட்டியாவை அங்கே தோர்த்தியா என்பார்கள். நடை நடுவே அந்த வழிகாட்டிப் பெண் எங்களை ஒரு தோர்த்தியாக் கடைக்குக் கூட்டிப்போனாள். சாப்பாட்டுக் கடை இல்லை, கிலோக் கணக்கில் தோர்த்தியா விற்கிற கடை. இயந்திரம் கடகடவென்று வட்டம் வட்டமாகத் தள்ளுகிறது, பெண்கள் துணியோடு வந்து ஒரு கிலோ, அரைக் கிலோ என்று காகிதத்தில் சுற்றி வாங்கிப் போகிறார்கள். வரிசையில் நின்ற குழந்தைக்குக் கடைக்காரர் ஒன்றை எடுத்து உப்புத் தூவி, சுருட்டிக் கையில் கொடுத்தார். எங்களுக்கும் அதேதான். உப்பு மட்டும். அன்றைக்குத் தின்றதில் எனக்குப் பிடித்தது எது என்று கேட்டால் அதைத்தான் சொல்வேன், எழுபது டாலரில் காசு வாங்காமல் வந்தது அது ஒன்றுதான்.

வாசனை எனக்குத் தெரிந்த வாசனையாக இருந்தது. யோசித்துப் பார்த்தால் வெற்றிலைப் பெட்டி! சோளத்தைச் சுண்ணாம்புத் தண்ணீரில் வேகவைத்து, இரவு முழுக்க ஊறவிட்டு, மறுநாள் தோலைத் தேய்த்துக் கழுவி, ஈரமாகவே அரைக்கிறார்கள். இதற்கு நிஷ்தமால் என்று பேர். சுண்ணாம்புதான் மாவுக்குப் பிடிப்பு தருகிறது, தோலையும் கழற்றுகிறது. அதைவிடப் பெரிய காரியம், சோளத்துக்குள் பூட்டிக் கிடக்கிற நியாசின் சத்தை உடம்பில் சேருகிற மாதிரி விடுவிக்கிறது. ஐரோப்பியர் சோளத்தைக் கொண்டுபோனார்கள், இந்தப் பக்குவத்தைக் கொண்டுபோகவில்லை. வட இத்தாலியிலும் பிறகு அமெரிக்காவின் தென் மாநிலங்களிலும் சோளத்தையே நம்பி வாழ்ந்த ஏழைகளுக்குப் பெலாக்ரா என்ற நோய் வந்து தோல் உரிந்து, புத்தி பேதலித்துச் செத்தார்கள். 

நான் ஊருக்கு வந்து செய்து பார்த்த கணக்கு: காய்ந்த மக்காச்சோளம் ஒரு கிலோ, தின்கிற சுண்ணாம்பு பத்துக் கிராம். வெள்ளையடிக்கிற சுண்ணாம்பைத் தொடாதீர்கள். மூழ்கி மேலே நிற்கிற அளவு தண்ணீர், அலுமினியப் பாத்திரம் வேண்டாம், எவர்சில்வர். முக்கால் மணி நேரம் சிறு தீயில். நகத்தால் கீறினால் தோல் வழுக்கிக்கொண்டு வர வேண்டும், உள்ளே நடுவில் கொஞ்சம் கடிபட வேண்டும். இரவு ஊறட்டும். காலையில் மஞ்சள் தண்ணீரைக் கொட்டி, நாலைந்து தடவை கழுவுங்கள்.

அரைப்பதில்தான் நான் கோட்டை விட்டேன். பழக்கதோஷம், கிரைண்டரில் போட்டு இட்லிக்கு விடுகிற மாதிரி தண்ணீரைத் தாராளமாக விட்டேன். தோசைமாவு ஆகிவிட்டது. வீணாக்க மனசில்லாமல் தோசையாகவே ஊற்றினேன். யாரும் இரண்டாவது கேட்கவில்லை. அடுத்த வாரம் பரணிலிருந்து அம்மியை இறக்கினேன். மெக்சிகோவில் அதற்கு மெத்தாத்தே என்று பேர், மண்டியிட்டு அரைப்பார்கள். எனக்கு மண்டியிட முடியாது, அம்மியை மேசை மேல் ஏற்றிவிட்டேன். தண்ணீர் தெளித்துத் தெளித்து ஒரு படி சோளத்தை அரைக்க ஒரு மணி நேரம். உங்கள் கடைக்கு அது கட்டுப்படி ஆகாது, கிரைண்டரிலேயே கொஞ்சம் கொஞ்சமாகப் போட்டு, கையால் தள்ளிக்கொடுத்து, தண்ணீரைக் கரண்டியால் மட்டும் விட்டு அரையுங்கள். மாவு களிமண் மாதிரி கையில் ஒட்டாமல் திரள வேண்டும். இரண்டு பாலிதீன் தாளுக்கு நடுவே வைத்து, தட்டையான பாத்திரத்தால் அழுத்தி, நன்றாகக் காய்ந்த தோசைக்கல்லில் எண்ணெய் இல்லாமல் போடுங்கள். இரண்டு முறை திருப்பியதும் பூரி மாதிரி உப்பினால் சரி.

முதலில் போட்ட நாலும் உப்பவில்லை. ஐந்தாவது மெல்ல எழும்பியது. வீட்டுக்காரர் பேப்பர் படித்துக்கொண்டிருந்தார். உப்புத் தூவிச் சுருட்டிக் கையில் கொடுத்தேன். பேப்பரிலிருந்து கண்ணை எடுக்காமலே தின்றுவிட்டு, இன்னொன்றுக்குக் கையை நீட்டினார்.